குட்டியானைக்குப் பறிமுதல், ஆற்றைத் தின்றவருக்கு அவகாசம்

முதலில் ஓர் ஒப்புதல் வாக்குமூலம். அமராவதி ஆற்றில் மணல் அள்ளும் வண்டிகளை ஒன்று விடாமல் பறிமுதல் செய்ய வேண்டும், எந்தக் காரணம் சொன்னாலும் திருப்பிக் கொடுக்கக் கூடாது என்று மாவட்ட நிர்வாகத்துக்குப் போன ஒரு மனுவில் நானும் கையெழுத்துப் போட்டவன். மனுவின் வாசகத்தைத் திருத்திக் கொடுத்ததும் நான்தான். ‘எந்தக் காரணம் சொன்னாலும்’ என்ற சொற்கள் என்னுடையவை. கவிதை எழுதுகிறவனிடம் மனு எழுதக் கொடுத்தால் இப்படித்தான், ஓசைக்காக ஒரு வரி கூடச் சேர்ந்துவிடும். அந்த வரி இப்போது வங்கியில் என் மேசைக்கு முன்னால் வந்து நிற்கிறது.

வந்து நிற்பவரை நான் மாமா என்று கூப்பிடுவேன். அம்மா வழியில் தூரத்து உறவு, பக்கத்துக் காலனி. வங்கிக்குள் வந்தால் அவர் என்னை ‘சாருங்க’ என்பார். வெளியே டீக்கடையில் பார்த்தால் ‘கண்ணு’. இந்த இரண்டு சொல்லுக்கும் நடுவில் இருக்கிற தூரத்தைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும், இன்னொரு சமயம். தாட்கோ மானியத்தோடு வங்கிக் கடன் வாங்கி ஒரு குட்டியானை எடுத்தார். நிட்டிங் கம்பெனியிலிருந்து துணி ரோல்களை ஏற்றிச் சாயப்பட்டறையில் இறக்குவது, அங்கிருந்து காம்பாக்டிங், அப்புறம் கட்டிங் என்று நாள் முழுக்க நடை அடிப்பது அவர் வேலை. வீட்டில் முதல் வண்டி. அவருடைய அப்பாவுக்குச் சைக்கிளில் ஏறி ஊருக்குள் போகவே அனுமதி கிடையாது.

2025 ஆகஸ்ட் கடைசியில் அமெரிக்கா இந்தியச் சரக்கின்மேல் 50 சதவீத வரி போட்டது. திருப்பூரில் அது எப்படி இறங்கும் என்பது இங்கே இருப்பவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. முதலில் ஓவர்டைம் நின்றது, பிறகு சிப்ட் குறைந்தது, பிறகு நடை குறைந்தது. தவணைத் தேதி மட்டும் குறையவில்லை. அந்த நேரத்தில்தான் ஒருவர் மணல் நடை கேட்டார். துணி நடையில் ஒரு வாரம் கிடைப்பது ஒரே ராத்திரியில் கிடைக்கும் என்றார்.

மாமா மணல் ஏற்றினார். மறைக்க ஒன்றுமில்லை. அனுமதிச் சீட்டு இல்லை, அரசுக் குவாரி மணலும் இல்லை, நேரம் ராத்திரி இரண்டு மணி. சட்டப்படி குற்றம், ஆற்றின் கணக்கிலும் குற்றம். பிடித்தார்கள். மணலை அள்ளிப் போட்ட இரண்டு பையன்கள் இருட்டில் ஓடிவிட்டார்கள். மணல் கேட்டவர் அந்த இடத்தில் இல்லவே இல்லை. அவர் வீட்டு அஸ்திவாரம் வேறு வண்டி மணலில் எழும்பியிருக்கும். ஓட முடியாமல் நின்றது குட்டியானையும் மாமாவும்தான்.

அது ஐப்பசி. மாமா ஜாமீனில் வந்துவிட்டார். வண்டி வரவில்லை. தை போயிற்று, மாசி போயிற்று. பங்குனியில் ஒருநாள் வந்து, ‘சாருங்க, வண்டிய எப்பத்தானுங்க உடுவாங்க?’ என்று கேட்டார். அன்றைக்குக் காலையில் அவருக்குப் போக வேண்டிய நோட்டீசை பிரிண்ட் எடுத்து உறையில் போட்டவன் நான். தொண்ணூறு நாள் தாண்டிய தவணை, ஆகவே வாராக்கடன். வண்டி அரசாங்கத்திடம் இருக்கிறது, வட்டி அவரிடம் இருக்கிறது.

மணல் கடத்தலுக்கு நான் வக்காலத்து வாங்க வரவில்லை. நமக்கு மணல் என்றால் என்ன என்பதைச் சொல்லிவிட்டு மேலே போகிறேன். ஊர்க்கிணற்றில் வாளி விட முடியாத காலத்தில் என் பாட்டி ஆற்று மணலில் ஊற்றுத் தோண்டித்தான் தண்ணீர் எடுத்தாள். கொட்டாங்கச்சியால் மோந்து மோந்து ஊற்ற வேண்டும். கலங்கினால் தெளிகிறவரை உட்கார்ந்திருக்க வேண்டும். மேல்கரையில் ஊர்க்காரர் ஊற்று, கீழ்க்கரையில் நம் ஊற்று, மணலுக்குள்ளும் சாதி. 1927 மார்ச் 20 அன்று பாபாசாகேப் மகாத்தில் சவுதார் குளத்துக்கு ஆயிரக்கணக்கான பேரோடு நடந்துபோய் ஒரு கை தண்ணீர் அள்ளிக் குடித்தாரே, அந்தக் குளம் இல்லாத ஊர்களில் நமக்கு இந்த மணல்தான் குளமாக இருந்தது. மணல் நீரைப் பிடித்து வைக்கும். மணலை வழித்தெடுத்த இடத்தில் களியும் பாறையும் மிஞ்சும், வெள்ளம் வந்தால் நிற்காமல் ஓடும், கரையோரக் கிணறு ஒவ்வொன்றாக இறங்கும். முதலில் வற்றுவது சேரியின் குழாய். உலகம் ஆண்டுக்கு 5,000 கோடி டன் மணலும் சரளையும் தின்கிறது என்று ஐ.நா. சுற்றுச்சூழல் திட்டம் 2022-இல் அறிக்கை போட்டது. அந்தத் தீனியில் அமராவதியும் உண்டு, காவிரியும் பாலாறும் உண்டு. ஆகவே மணல் திருட்டில் முதல் வாதி நாம். இன்றைய நிலையில் முதல் பிரதிவாதியும் நாமாகவே இருக்கிறோமே, அது எப்படி என்பதுதான் என் கேள்வி.

சட்டத்தைப் பார்ப்போம். சட்டம் படிக்கிற தோழர்கள் பொறுத்துக்கொள்ளவும், நான் பி.காம்.

தமிழ்நாட்டில் 2003 அக்டோபர் 2 முதல் ஆற்று மணல் எடுக்கும் உரிமை அரசுக்கு மட்டும் என்று ஆக்கினார்கள். 1959 சிறுகனிமச் சலுகை விதிகளில் 38-ஏ என்று ஒரு விதி சேர்ந்தது. காந்தி பிறந்த நாளாகப் பார்த்து யார் தேர்ந்தெடுத்தார்களோ. 2006-இல் உச்சநீதிமன்றமும் அதைச் செல்லும் என்றது. மணல் அரசுச் சொத்து, சீட்டில்லாமல் ஏற்றினால் திருட்டு. 1957-ஆம் ஆண்டின் கனிமச் சட்டத்தில் 21-ஆம் பிரிவு இதற்கான தண்டனையைச் சொல்கிறது. 2015 திருத்தத்துக்குப் பிறகு ஐந்தாண்டு வரை சிறை, ஹெக்டேருக்கு ஐந்து லட்சம் ரூபாய் வரை அபராதம். ஒரு குட்டியானை மணல் எத்தனை ஹெக்டேர் என்று பதினோரு வருசம் வங்கியில் கணக்குப் பார்த்த எனக்கும் தெரியவில்லை.

அதே பிரிவில் (4) என்ற உட்பிரிவு வண்டியைக் கைப்பற்றலாம் என்கிறது. (4ஏ) உட்பிரிவு, கைப்பற்றிய வண்டியை நீதிமன்றம் உத்தரவு போட்டுப் பறிமுதல் செய்யலாம் என்கிறது. கைப்பற்றுவது வேறு, பறிமுதல் வேறு. முன்னது சந்தேகத்தில் பிடித்து வைப்பது, பின்னது விசாரித்து உரிமையையே பறிப்பது. நடுவில் ஒரு நீதிபதி உட்கார வேண்டும். இந்த வித்தியாசம் சட்டப் புத்தகத்தில் ஒரு எழுத்துதான். நம்ம ஆளுக்கு அது ஒரு வருசம், இரண்டு வருசம், மூன்று வருசம்.

ஏனென்றால் 22-ஆம் பிரிவு என்று ஒன்று இருக்கிறது. அதிகாரம் பெற்ற அதிகாரி எழுத்தில் புகார் கொடுத்தால்தான் இந்தச் சட்டத்தின் கீழ் நீதிமன்றம் வழக்கைக் கையில் எடுக்க முடியும். போலீஸ் போடுகிற எப்.ஐ.ஆர். அதற்குப் போதாது. 2014-இல் உச்சநீதிமன்றம் டெல்லி அரசு எதிர் சஞ்சய் என்ற வழக்கில், மணல் திருட்டுக்குப் போலீஸ் தனியாகத் திருட்டு வழக்குப் போடலாம், கனிமச் சட்டம் அதற்குக் குறுக்கே நிற்காது என்றது. திருட்டு வழக்கு ஒரு தடத்தில் போகும். கனிமச் சட்டப் புகார் இன்னொரு தடத்தில் போக வேண்டும். வண்டியின் தலைவிதி இரண்டாவது தடத்தில் இருக்கிறது. அந்த அதிகாரி புகாரைக் கொடுக்கவில்லை என்றால்? பறிமுதல் விசாரணையே தொடங்காது. விசாரணை தொடங்காவிட்டால் வண்டிக்காரன் போய் ‘எனக்குத் தெரியாது’ என்றோ, ‘தெரிந்துதான் செய்தேன், அபராதம் போடுங்கள்’ என்றோ சொல்ல ஒரு கூண்டும் கிடையாது. புகார் கொடுக்க இத்தனை நாள் என்று அந்தப் பிரிவில் ஒரு கெடுவும் இல்லை.

மாமா போலீசில் கேட்டார். கனிமவளத் துறையில் போய்க் கேட்கச் சொன்னார்கள். அங்கே, வருவாய்க் கோட்டாட்சியரிடம் போகச் சொன்னார்கள். அவர் அலுவலகத்தில், விசயம் கோர்ட்டில் இருக்கிறது என்றார்கள். கோர்ட்டில், இதற்குச் சிறப்பு நீதிமன்றம் என்றார் வக்கீல் குமாஸ்தா. நாலு அலுவலகத்துக்கும் பஸ்சில்தான் போனார். வண்டிதான் இல்லையே.

இடைக்காலமாக வண்டியை வாங்கிக்கொள்ள வழி கிடையாதா? இருந்தது. 2002-இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்சநீதிமன்றம் தெளிவாகவே சொல்லியது: கைப்பற்றிய வண்டிகளை போலீஸ் ஸ்டேசனில் நிறுத்தி வைப்பதால் யாருக்கும் பிரயோசனம் இல்லை, பிணைப்பத்திரம் வாங்கிக்கொண்டு விடு, எந்தப் பொருளானாலும் 15 நாளிலிருந்து ஒரு மாதத்துக்குமேல் ஸ்டேசனில் கிடக்கக் கூடாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 497-ஆம் பிரிவும் கெடு வைக்கிறது. பொருள் நீதிமன்றத்துக்கு வந்தால் 14 நாளில் விவரப் பட்டியல், படம் பிடித்தல், அதன் பிறகு 30 நாளில் அதை என்ன செய்வது என்ற உத்தரவு. படமே சாட்சியாக நிற்கும், வண்டி நிற்க வேண்டியதில்லை.

மணல் வண்டிக்கு இதெல்லாம் எட்டவில்லை. 2018 அக்டோபர் 29 அன்று உயர்நீதிமன்ற மதுரைக் கிளை, மணல் கடத்தலில் பிடிபடும் வண்டிகளை இடைக்காலமாக விடுவிக்கக் கூடாது, சிறப்பு நீதிமன்றத்தில் பறிமுதல் நடவடிக்கைக்குத்தான் போக வேண்டும் என்று ஓர் உத்தரவு போட்டது. மாட்டுவண்டியும் அதில் சேர்த்தி. (மாட்டுவண்டியைக் கைப்பற்றினால் காளைக்கு யார் தீவனம் போடுவது என்று எந்தச் சட்டத்திலும் பார்க்கவில்லை.) நீதிபதிகளின் கோபம் எனக்குப் புரிகிறது. பிடித்த லாரியே நாலாவது நாள் மறுபடி ஆற்றில் நிற்பதைப் பார்த்துச் சலித்துப்போய் வந்த கோபம். என் மனுவில் இருந்ததும் அதே கோபம். பிறகு வந்த வழக்குகளில் பணம் கட்டச் சொல்லி, நிபந்தனை போட்டு விட்டதும் உண்டு. அந்த நிபந்தனை வரை போய்ச்சேர உயர்நீதிமன்றத்தில் வக்கீல் வைக்க வேண்டும். லாரிக்காரர் வைப்பார். குட்டியானைக்காரர்?

அபராதத்தின் அளவையும் பாருங்கள். 2020-இல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம், பிடிபட்ட வண்டியை விடுவிக்க ஓர் அளவுகோல் வைத்தது. ஷோரூம் விலை 25 லட்சத்துக்கு மேலே, வயது ஐந்து வருசத்துக்குக் கீழே என்றால் 4 லட்சம் ரூபாய். அடுத்தது 3 லட்சம். பத்து வருசம் தாண்டிய பழைய வண்டிக்கு 2 லட்சம். மேலோட்டமாகப் பார்த்தால் பணக்காரனுக்கு அதிகம், ஏழைக்குக் கம்மி. வங்கிக்காரன் கண்ணால் பாருங்கள். 40 லட்ச ரூபாய் டிப்பருக்கு 4 லட்சம் என்றால் பத்தில் ஒரு பங்கு. பழைய குட்டியானையை விற்றால் இரண்டு லட்சம் வருமா? வண்டியின் முழு விலையையும் கட்டி அதே வண்டியை மறுபடி வாங்கு என்பதற்கு அபராதம் என்று பெயர்.

அந்த ஸ்டேசன் வாசலை நான் போய்ப் பார்த்தேன். மாமாவோடுதான் போனேன். வேலிக்கருவை முளைத்த வெற்றிடம். டிராக்டர், டிப்பர், நுகத்தடி இல்லாத இரண்டு மாட்டுவண்டி, பெயர் தெரியாத அளவுக்குத் துருப்பிடித்த இன்னும் சில. குட்டியானையின் முன்கண்ணாடியில் ஒட்டியிருந்த அம்பேத்கர் படம் வெயிலில் வெளிறி நீலம் மட்டும் மிச்சம். பின்சக்கரம் இரண்டிலும் காற்றில்லை. பேட்டரி இல்லை. யார் எடுத்தார்கள் என்று கேட்கக் கூடாது. தொட்டியில் அந்த ராத்திரியின் மணல் அப்படியே கிடந்தது, அதில் அருகம்புல் முளைத்திருந்தது. ‘எல்லாம் சரி, மணலையாச்சும் ஆத்துல கொண்டுபோயி கொட்டியிருக்கலாமல்லங்க’ என்றார் மாமா. யாருக்காக வழக்கோ அந்த ஆற்றுக்கு ஒரு கூடை மணல்கூடத் திரும்பப் போகவில்லை.

அங்கே நிற்கிற ஒவ்வொரு வண்டிக்கும் ஒரு வங்கிக் கணக்கு உண்டு. எப்.சி. முடிகிறது, இன்சூரன்ஸ் முடிகிறது, வரி ஏறுகிறது. ஆர்.சி. புத்தகத்தில் வங்கியின் பெயர் இருக்கிறது, ஆனாலும் வண்டியை எடுக்க வங்கியாலும் முடியாது. வங்கி எதற்கு அலையப்போகிறது? ஜாமீன்தார் இருக்கிறார். மாமாவுக்கு ஜாமீன் போட்டது அவர் மச்சினன், பனியன் கம்பெனியில் பேக்கிங் செக்சன். அவருக்கும் நோட்டீஸ். அடுத்த முறை அந்தக் காலனியிலிருந்து யாராவது தாட்கோ விண்ணப்பத்தோடு வந்தால் ‘உங்க ஏரியா ரெக்கவரி சரியில்ல’ என்று யாரோ ஒரு மேலாளர் சொல்வார். நீதிபதி ஒருவர்கூட இன்னும் தீர்ப்பு எழுதவில்லை, ஒரு தெருவே தண்டனை அனுபவிக்கிறது.

‘குற்றம் செய்தவன் அனுபவிக்கட்டும், சட்டம் என்றால் சட்டம்’ என்று பொதுப்புத்தி சொல்லும். சரி, நம் ஊரிலேயே சட்டம் வேறு ஒரு குற்றத்தை எப்படி நடத்தியது என்று பார்ப்போம். நொய்யல்.

நொய்யலைக் கொன்றது குட்டியானை இல்லை. சாயக்கழிவு. 1992-இல் பாசனத்துக்கென்று கட்டிய ஒரத்துப்பாளையம் அணை சாயத் தொட்டியாகவே மாறியது. கீழே கரூர் வரை கிணறும் காடும் உப்பேறியது. விவசாயிகள் நீதிமன்றம் போனார்கள். 2006 டிசம்பரில் உயர்நீதிமன்றம், கழிவு நீரை முழுக்கச் சுத்திகரிக்கக் கெடு வைத்தது. கெடு முடிகிறவரை வெளியேற்றும் லிட்டருக்கு இத்தனை காசு என்று அபராதம், ஆறு காசில் தொடங்கியது. முதலாளிகள் உச்சநீதிமன்றம் போனார்கள். 2009 அக்டோபரில் உச்சநீதிமன்றம் தீர்ப்பை உறுதி செய்து இன்னும் மூன்று மாதம் கொடுத்தது. மூன்று மாதமும் போய், அதற்குமேல் ஒரு வருசமும் போய், 2011 ஜனவரி 28 அன்றுதான் சாயப்பட்டறைகளை மூடு என்று உயர்நீதிமன்றம் உத்தரவிட்டது. எழுநூறுக்கும் மேற்பட்ட பட்டறைகள் மூடின. மூடியபோது வேலை போனது யாருக்கு என்பது தனிக்கதை, அதிலும் நாம்தான். மூடிய பிறகு என்ன நடந்தது? பொதுச் சுத்திகரிப்பு நிலையங்களுக்கு அரசு 200 கோடி ரூபாய் வட்டியில்லாக் கடன் அறிவித்தது. மின்சாரத்தைத் துண்டித்தார்கள், சீல் வைத்தார்கள், பிறகு திறந்தார்கள். ஆற்றைக் கொன்ற கருவி என்று ஒரு சாய இயந்திரம் பறிமுதலாகி ஏலத்துக்கு வந்ததை என் வங்கி அனுபவத்தில் நான் பார்த்ததில்லை.

அந்த அவகாசமும் வட்டியில்லாக் கடனும் கூடாது என்று நான் சொல்லவில்லை. தொழில் பிழைக்க வேண்டும், ஆயிரக்கணக்கான வீட்டில் உலை கொதிக்க வேண்டும் என்று அரசு நினைத்தது. நினைக்கட்டும். முதலாளிக்கு இயந்திரம் என்றால் அது ‘தொழில்’, அதைக் காப்பாற்ற வேண்டும். சேரிக்காரனுக்கு வண்டி என்றால் அது ‘குற்றக் கருவி’, அதைத் துருப்பிடிக்க விட வேண்டும். சட்டத்தின் எந்தப் பிரிவிலும் இப்படி எழுதியில்லை. எழுதாமலே நடக்கிறது என்பதுதான் சாதியின் சாமர்த்தியம்.

பெரிய மணலுக்கு வருவோம். 2023 செப்டம்பரில் அமலாக்கத் துறை தமிழ்நாட்டு மணல் ஒப்பந்ததாரர்களின் இடங்களிலும் குவாரிகளிலும் சோதனை போட்டது. கான்பூர் ஐ.ஐ.டி. நிபுணர்களை வைத்து அளந்ததாகவும், எடுத்த மணலின் மதிப்பு 4,730 கோடி ரூபாய், அரசுக்கு வந்த வருவாய் 36.45 கோடி என்றும் அது சொன்னது. ஐந்து மாவட்ட ஆட்சியர்களுக்குச் சம்மன் போயிற்று. அரசே உயர்நீதிமன்றம் போய் நவம்பரில் தடை வாங்கியது. 2024 பிப்ரவரியில் உச்சநீதிமன்றம் ஆட்சியர்களை ஆஜராகச் சொன்னது. ஜூலையில் உயர்நீதிமன்றம் ஒப்பந்ததாரர்கள் மீதான அமலாக்கத் துறை நடவடிக்கையை ரத்து செய்தது. காரணம்: கனிமச் சட்டக் குற்றம் பணமோசடித் தடுப்புச் சட்டத்தின் அட்டவணையிலேயே இல்லை, அட்டவணைக் குற்றம் இல்லாமல் சொத்தை முடக்க முடியாது. சட்டத்தை எழுத்தெண்ணிப் படித்த தீர்ப்பு. மத்திய அரசின் கையில் அமலாக்கத் துறை எப்படிச் சாட்டையாக இருக்கிறது என்பதும் நமக்குத் தெரியும், எனவே அந்தத் தீர்ப்பில் எனக்கு வருத்தமில்லை. கோடிகள் முடங்கிக் கிடந்தவருக்காகச் சட்டத்தை எழுத்தெண்ணிப் படித்த அதே கண்ணாடி, வேலிக்கருவைக்குள் நிற்கிற குட்டியானையைப் பார்க்கும்போது மட்டும் எங்கே போகிறது? 22-ஆம் பிரிவின்படி புகார் இன்னும் வரவில்லையே, பிறகு எதை வைத்து நிறுத்தியிருக்கிறீர்கள் என்று கேட்க அதே எழுத்துக் கணக்குப் போதும்.

வேறு சட்டங்களில் நியாயம் எழுதித்தான் வைத்திருக்கிறார்கள். தமிழ்நாடு வனச் சட்டத்தின் 49-பி பிரிவைப் பாருங்கள். திருட்டு மரம் ஏற்றிய வண்டியைப் பறிமுதல் செய்யுமுன் உரிமையாளருக்கு எழுத்தில் நோட்டீஸ் தர வேண்டும், அவர் பதில் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும், தனக்குத் தெரியாமல் நடந்தது, தான் எச்சரிக்கையாகவே இருந்தேன் என்று நிரூபித்தால் பறிமுதல் கூடாது. சந்தன மரத்துக்கே இந்த நியாயம் உண்டு. கனிமச் சட்டத்தின் (4ஏ)-வில் இப்படி ஒரு வரி கிடையாது. வாடகைக்கு வண்டி கொடுத்தவன், டிரைவரை நம்பிச் சாவி கொடுத்தவன், அவன் மனைவி பெயரில் ஆர்.சி. இருந்தால் அந்தப் பெண், எல்லாரும் ஒரே வலையில். அரசியல் சட்டத்தின் 300-ஏ, சட்டத்தின் அதிகாரம் இல்லாமல் யாருடைய சொத்தும் பறிக்கப்படக் கூடாது என்கிறது. புகாரே கொடுக்காமல் வருசக் கணக்கில் நிறுத்தி வைப்பது எந்தச் சட்டத்தின் அதிகாரம்?

அமெரிக்காவில் இண்டியானா மாநிலத்தில் டைசன் டிம்ப்ஸ் என்று ஒருவர். கொஞ்சம் போதைப்பொருள் விற்றுப் பிடிபட்டார். குற்றத்தை ஒப்புக்கொண்டார். அப்பா செத்த இன்சூரன்ஸ் பணத்தில் வாங்கிய 42,000 டாலர் வண்டியை அரசு எடுத்துக்கொண்டது. அந்தக் குற்றத்துக்குச் சட்டப்படி அதிகபட்ச அபராதமே 10,000 டாலர்தான். 2019 பிப்ரவரியில் அந்நாட்டு உச்சநீதிமன்றம், அளவுக்கு மிஞ்சிய அபராதம் கூடாது என்ற அரசியல் சட்ட உரிமை மாநிலங்களையும் கட்டுப்படுத்தும் என்றது. டிம்ப்ஸ் நிரபராதி இல்லை. மாமாவும் இல்லை. குற்றத்தின் எடைக்குத் தண்டனையின் எடை என்ன என்று கேட்கிற உரிமை குற்றவாளிக்கும் உண்டு என்பதற்காகச் சொல்கிறேன். அமெரிக்கா போட்ட வரியால் மணலுக்குப் போனவருக்கு அமெரிக்கத் தீர்ப்பைத் துணைக்கு இழுக்க வேண்டியிருக்கிறது, என்னத்தைச் சொல்ல.

தோழர்களில் சிலர் என்னைக் கோபித்துக்கொள்வார்கள். மணல் மாபியா என்பது கற்பனை இல்லை. 2023 ஏப்ரல் 25 அன்று தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில் கிராம நிர்வாக அலுவலர் லூர்து பிரான்சிஸ் தன் அலுவலகத்திலேயே வெட்டிக் கொல்லப்பட்டார், மணல் கடத்தலைப் புகார் செய்ததற்காக. அப்படிச் சாகத் துணிகிற அதிகாரிகள் இருப்பதால்தான் ஆற்றில் இன்னும் கொஞ்சம் மணல் இருக்கிறது. நான் கேட்பது சலுகையல்ல. இரண்டாவது முறை பிடிபட்ட வண்டியை விடாதே. கூட்டமாக ஓடுகிற டிப்பர்களை விடாதே. ஆனால் பிடித்த அன்றே மணல் யாருக்குப் போகிறது என்று கேள், அவன் பெயரையும் வழக்கில் சேர். குறித்த நாளுக்குள் புகார் கொடு, கொடுக்கவில்லையென்றால் பிணைப்பத்திரத்தில் வண்டியை விடு. உரிமையாளரைக் கூப்பிட்டு விசாரி. அபராதத்தை வண்டியின் மதிப்புக்கும் அவன் செய்த வேலைக்கும் தக்கபடி போடு. தமிழ்நாட்டுக் குண்டர் சட்டத்தின் நீண்ட பெயருக்குள் ‘மணல் குற்றவாளி’யையும் சேர்த்து வைத்திருக்கிறார்கள், அந்தப் பெயரில் உள்ளே போகிறவர்களில் மண்வெட்டி பிடித்தவன் எத்தனை, செக்புக் பிடித்தவன் எத்தனை?

இதை ஆவேசமாகக் கேட்டு முடித்துவிட்டால் அது மறுபடி என் மனு மாதிரி ஓசையாகிவிடும். கணக்கு வேண்டும். தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய்க்கு ஒரு மனு போடலாம், முப்பது நாளில் பதில் தர வேண்டும். ஒவ்வொரு மாவட்டத்திலும் நம் மாணவர்கள் போட வேண்டும். கடந்த ஐந்து வருசத்தில் மணலுக்காகக் கைப்பற்றிய வண்டி எத்தனை, அதில் மாட்டுவண்டி எத்தனை, டிப்பர் எத்தனை? எத்தனைக்கு 22-ஆம் பிரிவுப் புகார் போயிருக்கிறது, கைப்பற்றிய தேதி என்ன, புகார்த் தேதி என்ன? நீதிமன்ற உத்தரவில் பறிமுதலானது எத்தனை, ஏலத்தில் எத்தனை ரூபாய் வந்தது? மணலை வாங்கியவர் எத்தனை பேர்மேல் வழக்கு? சாதி என்ற கலம் அந்தப் பதிவேட்டில் இருக்காது. உரிமையாளர் முகவரியைக் கொடுக்க மாட்டார்கள், ஊர்ப் பெயராவது கேளுங்கள். ‘காலனி’ என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்கப்போவதாக 2025 ஏப்ரலில் சட்டமன்றத்தில் அறிவித்தார்கள். சொல் போகட்டும், தெரு அங்கேதான் இருக்கிறது, போய்ப் பார்த்துக்கொள்ளலாம்.

மாமாவின் மனு எழுதியாயிற்று. இந்த முறை ஓசை எதுவும் சேர்க்கவில்லை, தேதிகள் மட்டும். சட்டக் கல்லூரித் தோழர் ஒருவர் திருத்திக் கொடுத்தார். இலவசச் சட்ட உதவியில் வக்கீல் கேட்டிருக்கிறோம். இதே மாதிரி வண்டி நிற்கிறவர்கள் உங்கள் ஊரில் இருந்தால் கைப்பற்றிய தேதி, எப்.ஐ.ஆர். எண், கடன் விவரம் மூன்றையும் எழுதி இதழ் முகவரிக்கு அனுப்புங்கள். இரண்டாம், நான்காம் சனிக்கிழமை எனக்கு வங்கி கிடையாது, நேரிலும் வரலாம்.